கும்மிடிப்பூண்டி இலை, கலிபோர்னியா மரம்

அமெரிக்கா போகிறவர்கள் மகளின் பிரசவத்துக்குப் போவார்கள், மகன் பட்டம் வாங்குவதைப் பார்க்கப் போவார்கள். நான் திட்டு வாங்கப் போனேன். கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் நாங்கள் செய்து அனுப்பிய பிளாஸ்டிக் இலை கலிபோர்னியாவில் யாருக்கும் பிடிக்கவில்லை. ஏன் பிடிக்கவில்லை என்று நேரில் கேட்டு வரும்படி முதலாளி என்னை அனுப்பினார்.

இலையைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். அங்கே ரெட்வுட் என்று ஒரு மரம் இருக்கிறது. ஊசியிலை மர வகை, உலகத்திலேயே அதைவிட உயரமான மரம் கிடையாதாம். அந்தக் காட்டு ஓரத்தில் செல்போன் கோபுரம் வைக்க வேண்டுமென்றால் கோபுரமும் பார்க்க மரம் மாதிரியே இருக்க வேண்டும் என்று ஊர்க் கமிட்டி அடம்பிடிக்கிறது. அதனால் இரும்புக் கம்பத்தைச் சுற்றிப் பட்டை ஒட்டி, கிளை மாட்டி, கிளையில் பிளாஸ்டிக் இலைக் கொத்துகளைச் செருகிவிடுகிறார்கள். நம் ஊரில் கோபுரமே வேண்டாம் என்று மறியல் செய்வோம். கோபுரத்துக்கு வேஷம் கட்டச் சொல்லி மறியல் செய்ய நமக்குத் தோன்றியதில்லை.

அந்த வேஷத்துக்கு இலை சப்ளை செய்கிறவர்கள் நாங்கள். பக்கெட்டும் மக்கும் செய்துகொண்டிருந்த கம்பெனி, எப்படியோ இலைக்கு வந்து சேர்ந்தது. எங்கள் பேட்டையில் ரோட்டோரம் நிற்கும் வேப்பமரங்களின் மேல் இரும்புத் தூசி படிந்து இலையெல்லாம் செங்கல் நிறத்தில் இருக்கும். அந்த வட்டாரத்திலேயே பச்சையாக இருந்தது எங்கள் பிளாஸ்டிக் இலைதான். அந்தப் பெருமை எனக்கு உண்டு.

நான் அங்கே தரப் பரிசோதகன். திருவள்ளூர் மணவாள நகரிலிருந்து தினமும் கம்பெனி வேனில் பெரியபாளையம், புதுவாயல் வழியாகக் குலுங்கிக் குலுங்கிப் போய்ச் சேர்ந்து, ஒரு கொத்து போலவே அடுத்த கொத்தும் இருக்கிறதா என்று பார்ப்பது என் வேலை. ஒவ்வொரு மெஷின் பக்கத்திலும் நான் மார்க்கரில் கையெழுத்துப் போட்ட மாதிரிக் கொத்து ஒன்று நூலில் தொங்கும். அதற்கு ஒத்து வந்தால் பெட்டிக்குப் போகும், வராவிட்டால் நொறுக்கும் மெஷினுக்குப் போகும். உருகிய பிளாஸ்டிக் மோல்டின் மூலைவரை ஓடாமல் பாதியில் நின்றுவிட்டால் இலை குட்டையாக வரும். அதற்கு எங்கள் பாஷையில் 'ஷார்ட்'. ஷார்ட் என்றால் எனக்கு ஆகாது.

புகார் மெயில் வந்த அன்று கிடங்கில் மிச்சமிருந்த பெட்டிகளைப் பிரித்துப் பார்த்தேன். ஏழாம் நம்பர் மேஜையிலிருந்து வந்த பெட்டிகளில் மட்டும் நல்ல கொத்துகளோடு ஷார்ட்டும் கலந்து கிடந்தது. அந்த மேஜை எஸ்தருடையது. புதுவாயல் பக்கத்துப் பெண், முப்பத்தைந்து வயதிருக்கும். அவள் அப்பா அம்மா பொன்னேரிப் பக்கம் நாற்று நட்டவர்கள். அவளும் வீட்டுக்காரரும் இப்போது பேட்டையில் ஆளுக்கொரு கம்பெனியில் வேலை செய்கிறார்கள். ஏன் கலந்தாய் என்று கேட்டேன். சுவரில் அமெரிக்காக்காரர்கள் அனுப்பிய மரத்தின் போட்டோ ஒட்டியிருந்தது. அதைக் காட்டினாள்.

"படத்துல ரெண்டு மேரியும் கீது சார். நீட்டா கீறது கீழ, குட்டையா கீறது மேல. நல்லா பாருங்க."

நான் பார்க்கவில்லை. படத்தைப் பார்த்துப் பெட்டி கட்ட நீ என்ன ஓவியரா என்று கேட்டேன். அந்த வாக்கியம் எனக்கே அப்போது ரொம்பப் பிடித்திருந்தது. நாளையிலிருந்து இந்தப் பெண் வேண்டாம் என்று ஆள் அனுப்பும் கான்ட்ராக்டருக்குச் சொல்லிவிட்டேன். சாயங்காலம் கேட்டில் அவளுடைய அடையாள அட்டையை வாங்கி வைத்துக்கொண்டார்கள். புகாருக்குக் காரணம் கிடைத்துவிட்ட நிம்மதியோடு பெட்டி படுக்கையைக் கட்டினேன்.

என்னோடு வந்தவர் தேசிங்கு. மோல்டு செதுக்குகிறவர், ஊர் ஆரம்பாக்கம். எந்த இரும்பையும் அரத்தால் வழிக்குக் கொண்டுவந்துவிடுவார். ஆங்கிலம் மட்டும் வழிக்கு வராது. போன வருடம் ஒரு கண்காட்சிக்காக எடுத்த விசா எங்கள் இரண்டு பேரிடமும் சும்மா கிடந்ததால் எங்களுக்கு அந்த யோகம் அடித்தது.

முதல் நாள் முழுக்கத் தூக்கமும் முட்டையும். தங்கிய இடத்துக்கு எதிரே ஒரு சாப்பாட்டுக் கடை. முட்டை கேட்டோம். பரிமாறுகிற அம்மாள் எந்த மாதிரி வேண்டும் என்று ஆரம்பித்து, ஒரு பக்கம் வெந்தது, இரண்டு பக்கம் வெந்தது, கரு கலங்கியது, கலங்காதது என்று ஒப்பித்துக்கொண்டே போனார். தேசிங்கு என் பக்கம் சாய்ந்தார்.

"முட்டை மேரி இருந்தா போதும்னு சொல்லு சார். நாஷ்டாவுக்கு இம்மாம் கேள்வியா?"

அந்த அம்மாளிடம் அதை அப்படியே மொழிபெயர்த்தேன். சிரித்துவிட்டு, தனக்குப் பிடித்த மாதிரியே போட்டுக்கொண்டுவந்து வைத்தார். கூடவே ஒரு தட்டு தோசை. தோசை என்று நாங்கள் நினைத்தது இனிப்பாக இருந்தது, அதன்மேல் பாகு வேறு. தேசிங்கு பையிலிருந்து இட்லிப் பொடியை எடுத்துத் தூவி ஒரு வழி பண்ணினார். பக்கத்து மேஜையில் இருந்த லாரி டிரைவர் எட்டிப் பார்த்து, அது என்ன மருந்தா என்று விசாரித்தார். ஆமாம் என்றேன். அவருக்கும் கொஞ்சம் தூவினோம்.

இரண்டாம் நாள் காலையில் கோபுரம் இருக்கும் ஊருக்குப் பஸ் பிடிக்க வேண்டும். நாளைக்கு இரண்டே பஸ். அரை மணி முன்னதாகவே போய் ரோட்டோரம் நின்றோம். பஸ் சொன்ன நேரத்துக்கு வந்தது, எதிர்ப்பக்கத்தில் வந்தது, போயும் விட்டது. அந்த ஊரில் வண்டிகள் வலது பக்கம் ஓடும் என்று எனக்குத் தெரியும். தெரிந்த விஷயம் காலுக்கு எட்டாததால் திருவள்ளூரில் நிற்பது போல இடது பக்கம் நின்றுவிட்டேன். தரப் பரிசோதகரே இப்படி என்றால், என்று தேசிங்கின் முகம் சொன்னது.

கடைசியில் ஆடு ஏற்றிய வண்டிக்காரர் ஒருவர் நிறுத்தினார். முன்னால் ஓர் இடம்தான் இருந்தது, அதில் நான் உட்கார்ந்துகொண்டேன். தேசிங்கு பின்னால் ஆடுகளோடு வந்தார். இறங்கியதும் சட்டையைத் தட்டிக்கொண்டே, ஆடெல்லாம் நம்ம ஊர் ஆடு மாதிரியே கத்துகிறது, இது ஒன்றுதான் இங்கே புரிகிறது என்றார்.

இலை வாங்கும் கம்பெனியின் ஆள் டயான் என்ற அம்மாள். அறுபது வயதுக்குக் குறையாது. கோபுரத்துக்குக் கிளை மாட்டுவதே அவர்தான். இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு ஏறுவாராம். அவரோடு ஊர்க் கமிட்டி ஆட்கள் மூன்று பேர் கைகட்டி நின்றார்கள். முன்னால் எங்கள் இலை தாங்கிய கோபுரம் நின்றது.

உள்ளதைச் சொல்கிறேன். பாட்டில் கழுவுகிற பிரஷைத் தலைகீழாக நட்டு வைத்த மாதிரி இருந்தது. இலை ஒவ்வொன்றும் ஒரே நீளம், ஒரே சாய்வு, கீழிருந்து உச்சிவரை ஒரே அச்சு. இருபது வருடமாக நான் எதற்குப் பாடுபட்டேனோ அது மொத்தமும் எழுந்து நின்று என்னை அசிங்கப்படுத்தியது. இதில் மரங்கொத்திகூட உட்காராது என்று கமிட்டிக்காரர் ஒருவர் இன்னொருவரிடம் முணுமுணுத்தார். காது கேட்காத மாதிரி நின்றேன்.

கொண்டுவந்திருந்த ஷார்ட் கொத்துகளைப் பையிலிருந்து எடுத்து நீட்டி, நான் மனப்பாடம் செய்திருந்த மன்னிப்பை ஆரம்பித்தேன். தப்பு செய்த ஆளை நீக்கியாகிவிட்டது, இனிமேல் இந்தக் குட்டை இலை வரவே வராது என்று சொல்லவேண்டியதுதான் பாக்கி. டயான் என் கையிலிருந்த கொத்தைப் பிடுங்காத குறையாக வாங்கினார். கோபுரத்தின் உச்சிப் பக்கம் ஒரு கிளையைக் காட்டினார்.

அந்த ஒரு கிளை மட்டும் மரமாக இருந்தது. வேறு எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை. அதில் நீளமும் குட்டையும் கலந்து, சில இலை காம்போடு ஒட்டிப் படுத்து, காற்று அடித்தபோது அது மட்டும் அசைந்த மாதிரி இருந்தது. எல்லாக் கிளையும் அப்படி வேண்டும், அதைச் சொல்லத்தான் உங்களை வரச்சொன்னோம் என்றார் டயான். பிறகு, பத்திரமாக மடித்து வைத்திருந்த, அந்தக் கிளையின் இலை வந்த பெட்டிச் சீட்டைப் பையிலிருந்து எடுத்துக் காட்டினார். மேஜை எண் ஏழு. கீழே ஆங்கிலத்தில் 'இ' எழுத்து.

"இந்தப் பெட்டியைக் கட்டியது யார்? இந்த மரத்தை அறிந்த யாரோ ஒருவர்."

கமிட்டிக்காரர்கள் மூவரும் என்னைப் பார்த்தார்கள். எனக்கு ஒரு விநாடி இருந்தது, நன்றாக நினைவிருக்கிறது. அந்த விநாடியில் எஸ்தர் என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் அடுத்து, அவரை நீக்கிவிட்டேன் என்றும் சொல்லவேண்டி வரும். அது என் யோசனை, ஒரு பெட்டியில் சோதனை செய்து பார்த்தேன் என்றேன். டயான் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். தேசிங்குக்கு ஆங்கிலம் வராது என்று சொன்னேன் அல்லவா, குலுக்கின கையைப் பார்த்ததும் அவருக்குப் போதுமான அளவு புரிந்துவிட்டது. அன்று முழுக்க அவர் என்னோடு பேசவில்லை.

மூன்றாம் நாள் டயான் எங்களைக் காட்டுக்கு அழைத்துப் போனார். ரெட்வுட் மரத்தடியில் நின்று மேலே பார்த்தால் முதலில் கழுத்து வலிக்கும், பிறகு தொப்பி விழும், மரத்தின் உச்சி அப்போதும் தெரியாது. அடிமரத்தைச் சுற்றி வருவதற்குள் தேசிங்கு ஒரு வெற்றிலை மென்று முடித்தார். நான் கோயில் கோபுரங்களுக்கு முன்னாலேயே பெரிதாக உருகாத ஆள். இங்கே வாயை மூடிக்கொண்டு நின்றேன்.

காற்றில் விழுந்த கிளைகளைப் பொறுக்கி டயான் காட்டினார். தாழ்ந்த கிளையின் இலை சீப்புப் பல் மாதிரி இரண்டு வரிசை, தட்டை, நீளம். உச்சியிலிருந்து விழுந்ததில் இலை குட்டைக் குட்டையாகச் செதில் மாதிரி காம்பைக் கட்டிக்கொண்டு கிடந்தது. இரண்டையும் பக்கத்தில் வைத்தால் வேறு வேறு மரம் என்று எந்தப் பஞ்சாயத்திலும் சத்தியம் செய்வேன். அவ்வளவு உயரத்துக்கு வேரிலிருந்து தண்ணீர் ஏறுவது கஷ்டம், அதனால் மேலே போகப்போக இலை சின்னதாகிவிடுகிறது என்றார் டயான். மூன்றாம் மாடிக்குத் தண்ணீர் ஏறாத கதை மணவாள நகர்க்காரனுக்குப் புதிதில்லை. ஆனால் நாங்கள் மோட்டார்காரரைத் திட்டுவோம். இந்த மரம் அப்படிச் செய்யாமல், கடலிலிருந்து வரும் பனிமூட்டத்தை இலையாலேயே குடித்துக்கொள்கிறதாம்.

தேசிங்கு குட்டை இலையைக் கண்ணுக்குக் கிட்டே வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். நேற்றிலிருந்து அவர் திறக்காத வாய் அப்போதுதான் திறந்தது.

"அந்தப் பொண்ணு பேட்டையத் தாண்டினதில்ல சார். செவுத்துல ஒட்டின போட்டோவ வச்சிக்கினு இத்த கண்டுபுடிச்சிக்கீது. நாம பிளேன்ல வந்து கண்டுபுடிச்சோம்."

நாம் என்று அவர் தன்னையும் சேர்த்துக்கொண்டது மரியாதைக்கு. வெட்கமாக இருந்தது. வெட்கத்தை மறைக்க டயானிடம் இந்த மரத்துக்கு எத்தனை வயது என்று கேட்டேன். ஆயிரம் இருக்கும் என்றார். அந்த எண்ணும் எனக்கு உதவவில்லை.

நான்காம் நாள் திரும்பினோம். விமானத்தில் கிடைத்த சாப்பாட்டைப் பற்றி எழுதி யாருடைய பசியையும் கெடுக்க விரும்பவில்லை.

கும்மிடிப்பூண்டிக்கு வந்ததும், எஸ்தர் இல்லாமலேயே காரியத்தை முடித்துவிடலாம் என்று பார்த்தேன். பத்துக் கொத்துக்கு மூன்று குட்டை என்று ஒரு கணக்குப் போட்டு, மேஜைகளில் எழுதி ஒட்டி, பெண்களை அப்படியே கட்டச் சொன்னேன். மோல்டைத் தேசிங்கு திருத்திக் கொடுத்தார், வேண்டுமென்றே குட்டை இலை வரும்படி. சாம்பிள் கிளை ஒன்றைக் கட்டிப் படமெடுத்து டயானுக்கு அனுப்பினேன். கோடு போட்ட சட்டை மாதிரி இருக்கிறது என்று பதில் வந்தது. முன்பு ஏழாம் மேஜைப் பெட்டியில் செய்ததையே செய்யுங்கள், அது சரியாக வந்தால்தான் அடுத்த கோபுரம் உங்களுக்கு என்றும் எழுதியிருந்தார். முதலாளியோ, என் யோசனையைப் பாராட்டி டயான் முன்பு அனுப்பிய மெயிலை அச்செடுத்து நோட்டீஸ் போர்டில் ஒட்டியிருந்தார். தண்ணீர் குடிக்கப் போகும்போதெல்லாம் என் பெயர் என்னைப் பார்த்தது. அந்தப் பக்கம் போவதைக் குறைத்துக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் புதுவாயலில் இறங்கி, மெயின் ரோட்டுக் கடைகளைத் தாண்டி எஸ்தர் வீட்டுக்குப் போனேன். அவள் சர்ச்சுக்குப் புறப்படத் தயாராக, தலையில் பூ வைத்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் நாற்காலியைத் துடைத்துப் போட்டாள். வீட்டுக்காரர் பின்பக்கம் குளித்துக்கொண்டிருந்தார், தண்ணீர் ஊற்றும் சத்தம் கேட்டது.

"இன்னா சார், இம்மாந்தூரம் வந்துக்கீறீங்க?"

நீ செய்தது சரி, நான் செய்தது தப்பு, வேலைக்கு வந்துவிடம்மா என்றேன். வழியெல்லாம் இதற்கு நீளமான முன்னுரை தயார் செய்திருந்தேன், வாயில் வந்தது இவ்வளவுதான். அவள் டீ கொண்டுவந்து வைத்தாள். பாட்டில் மூடி செய்யும் கம்பெனி ஒன்றில் நாளையிலிருந்து வரச் சொல்லியிருக்கிறார்கள் என்றாள். அங்கே எல்லா மூடியும் ஒரே மாதிரி இருந்தால் போதுமாம், யோசிக்கவே வேண்டாமாம், நிம்மதி. அதைச் சொல்லும்போது அவள் முகத்தில் நிம்மதி ஒன்றும் தெரியவில்லை.

ஒரு பெட்டிக்கு எத்தனை குட்டை போட்டாய் என்றாவது சொல் என்று கேட்டேன். எண்ணிப் போடவில்லை, பார்த்துப் போட்டேன் என்றாள்.

"தேசிங்கு அண்ணன் எல்லாம் சொல்லிச்சி சார். அங்க போயி நான்தான் செஞ்சேன்னு சொன்னீங்களாமே. இங்க வந்து நீதான் செஞ்சேன்னு சொல்றீங்க. இத்த அந்தம்மாகிட்ட சொல்லுங்க. நாளைக்கே வரேன்."

போர்டில் ஒட்டிய காகிதத்தைக் கிழித்துவிடுகிறேன் என்றேன். அது இங்கே இருக்கும் காகிதம் என்றாள். முதலாளியிடம் சொல்கிறேன் என்றேன். அவர் எங்கே மரத்தைப் பார்த்தார் என்றாள். சர்ச்சு மணி அடிக்கப்போகிறது என்று நினைவுபடுத்தினாள்.

போனை எடுத்தேன். இதை எழுதினால் அடுத்த முறை டயான் கை குலுக்கமாட்டார், முதலாளிக்கும் விஷயம் போய்விடும், நோட்டீஸ் போர்டு முன்னால் நான் நிற்கிற கதியே வேறு. எல்லாம் தெரிந்துதான் தட்டினேன். அந்தப் பெட்டி என் யோசனை அல்ல, எங்கள் தொழிலாளி ஒருவருடையது, நான் உங்களிடம் பொய் சொன்னேன் என்று ஆங்கிலத்தில் எழுதித் தமிழில் படித்துக் காட்டினேன்.

"தொழிலாளி ஒருத்தர்னா யாரு சார்? ஏழு மேஜை கீது."

அதை அழித்து எஸ்தர் என்று போட்டேன். அவளை நான் வேலையை விட்டு நிறுத்தினேன் என்பதையும் சேர்க்கச் சொன்னாள். சேர்த்தேன். முதலாளியையும் நகலில் போடச் சொல்வாளோ என்று பயந்தேன், சொல்லவில்லை. நானே போட்டேன். அனுப்பிவிட்டு ஆறிப்போன டீயைக் குடித்தேன்.

அங்கே சனிக்கிழமை ராத்திரி ஆரம்பிக்கிற நேரம். பதில் வர எப்படியும் இரண்டு நாள் ஆகும், அதற்குள் எதையாவது யோசிக்கலாம் என்றிருந்தேன். டம்ளரைக் கீழே வைப்பதற்குள் போன் சத்தம் கொடுத்தது. இன்னா எழுதிக்கீறாங்க, படிங்க என்றாள் எஸ்தர்.

'அன்புள்ள எஸ்தர்' என்று ஆரம்பித்தது. இந்த மரத்தின் உச்சி இலையை எங்கள் ஊரிலேயே பாதிப்பேர் கவனித்ததில்லை, நீங்கள் ஒரு போட்டோவில் கவனித்திருக்கிறீர்கள். அடுத்த கோபுரம் இதைவிட உயரம். உச்சியில் இலை எப்படி இருக்கவேண்டும் என்று நீங்கள் சொல்லுங்கள், அதன்படி கிளை மாட்டுகிறேன். டயான். அவ்வளவுதான் மெயில். அதில் எனக்கு ஒரு வணக்கம்கூட இல்லை, திட்டும் இல்லை.

படித்து முடித்தேன். எஸ்தர் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு பின்பக்கம் திரும்பி, சீக்கிரம் வாய்யா என்று வீட்டுக்காரரைக் கூப்பிட்டாள். அவர் காதில் சோப்பு நுரையும் இடுப்பில் துண்டுமாக, யாருக்கு என்ன ஆயிற்றோ என்று ஓடிவந்து நின்றார்.

"சார், இந்த ஆளும் கேக்கட்டும். பேர்லேர்ந்து படிங்க."

நான் எழுந்து நின்று, பெயரிலிருந்து படித்தேன்.